டிக்கெட்டின் பின்பக்கம்

என்னிடம் ஒரு பழைய டிரங்க் கால் டிக்கெட் இருக்கிறது. வீட்டு வரி ரசீதுகளும் பென்ஷன் புத்தகமும் இருக்கும் உறையிலேயே அதையும் போட்டு வைத்திருக்கிறேன். முன்பக்கம் பாளையங்கோட்டையிலிருந்து கோவில்பட்டிக்குப் புக் ஆன ஒரு ஆர்டினரி கால். பேச வேண்டியவர் மனம் மாறிவிட்டார் போல, குறுக்கே கோடிழுத்துக் 'கேன்சல்' என்று எழுதியிருக்கிறது. பின்பக்கம் பென்சிலில் ஏழு புத்தகங்களின் பெயர். எழுத்து மங்கிவிட்டது. எனக்கு மனப்பாடம் என்பதால் படித்துவிடுவேன்.

அது 1980. டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் சாயங்கால ட்யூட்டி முடித்துக் காதிலிருந்து ஹெட்செட்டைக் கழற்றும்போது ராத்திரி ட்யூட்டிக்கு வரும் அண்ணாச்சி ஒருவர் எப்போதும் கையில் ஒரு புத்தகத்தோடு வருவார். சங்கத்துக்காரர். அட்டைக்கு மேல் தினசரித் தாளைச் சுற்றியிருப்பார், சூப்பர்வைசர் கண்ணில் படாமலிருக்க. 'அதுல என்னதான் இருக்கு அண்ணாச்சி?' என்று ஒருநாள் கேட்டுவிட்டேன். பதில் சொல்லவில்லை. மறுநாள் இந்த டிக்கெட்டை என் கையில் கொடுத்து, 'வரிசை மாத்தாமப் படிக்கணும் கேட்டியா? தாண்டிப் போனா ஒண்ணும் வெளங்காது' என்றார். எனக்கு அப்போது இருபத்து நான்கு வயது. பி.யூ.சி.யோடு படிப்பு நின்றவள். தத்துவம் என்றால் காவி கட்டியவர்கள் பேசுவது என்று நினைத்திருந்தேன்.

அந்த வருடத் தொடக்கத்தில்தான் நா. வானமாமலை காலமாகியிருந்தார். பாளையங்கோட்டையில் டுட்டோரியல் நடத்தியவர் அவர். எஸ்.எஸ்.எல்.சி. தவறிய பையன்களுக்குப் பாடம் எடுத்துக்கொண்டே, அறுபதுகளின் கடைசியில் நெல்லை ஆய்வுக் குழுவைத் தொடங்கினார். 1969இல் 'ஆராய்ச்சி' இதழ். முத்துப்பட்டன் கதை, கட்டபொம்மன் கதை, கான்சாகிபு சண்டை என்று வில்லுப்பாட்டிலும் கும்மியிலும் கிடந்ததையெல்லாம் எடுத்து மதுரைப் பல்கலைக்கழகத்துக்காகப் பதிப்பித்தார். அண்ணாச்சி அந்தக் குழுவின் கூட்டங்களுக்குப் போய்ப் பின்வரிசையில் உட்கார்ந்து வந்தவர். கட்டுரை எழுதவில்லை, கேட்டார், அவ்வளவுதான். என் டிக்கெட்டில் இருக்கும் வரிசை அங்கே காதில் விழுந்த வரிசையாகத்தான் இருக்க வேண்டும்.

நாற்பத்தைந்து வருடங்கள் கழித்து அந்த ஏழு பெயர்களையும் வைத்துக்கொண்டு ஒரு காரியம் செய்தேன். ஒவ்வொன்றும் எங்கே எழுதப்பட்டது, யார் தமிழில் கொண்டு வந்தார்கள், எந்த வழியாகப் பாளையங்கோட்டை வரை வந்தது என்று தேடிப் பார்த்தேன். நான் வேலை பார்த்ததே யார் எங்கிருந்து யாரைக் கூப்பிடுகிறார்கள் என்று எழுதும் வேலைதானே.

முதல் பெயர் 'வால்காவிலிருந்து கங்கை வரை'. தமிழ்நாட்டில் எந்த ஊரில் எந்தத் தோழரிடம் கேட்டாலும் முதலில் சொல்லும் புத்தகம் அநேகமாக இதுவாகத்தான் இருக்கும். ராகுல் சாங்கிருத்யாயன் இந்தியில் எழுதியது. இருபது கதைகள். கி.மு. 6000இல் வோல்கா நதிக்கரையில் தொடங்கி 1942இல் முடிகின்றன. முதல் கதையில் கூட்டத்துக்குத் தலைவி ஒரு பெண். வேட்டைக்கு அவள்தான் முன்னால் போகிறாள். அதை நான் படித்தது எங்கள் வீட்டு அடுப்பங்கரையில், அம்மா அப்பாவுக்குச் சோறு போட்டுவிட்டு மிச்சத்தில் தான் சாப்பிட உட்காரும் நேரத்தில். எழுந்து போய் அம்மாவிடம் சொல்லவில்லை. சொன்னால், 'எட்டாயிரம் வருஷத்துக்கு முந்தி நடந்தது இருக்கட்டும், எச்சில் இலைய எடு' என்றிருப்பாள்.

ராகுல் சொல்லும் கால வரிசையும் ஆரியர் வந்த பாதையும் இன்றைய ஆய்வில் அப்படியே நிற்காது. அதனால் என்ன? குடும்பம், சொத்து, அரசன், சாமி எல்லாமே ஒரு நாள் இல்லாமலிருந்து பிறகு உண்டானவை என்று ஒரு டெலிபோன் ஆபரேட்டர் பெண்ணுக்குக் கதையாகச் சொல்ல முடிந்ததே, அந்தச் சாமர்த்தியத்துக்கு முன்னால் கால வரிசைப் பிழை எனக்குப் பெரிதாகத் தெரியவில்லை.

அவர் அதை எழுதிய இடம் ஹசாரிபாக் சிறை. பிரிட்டிஷ் அரசு அடைத்து வைத்திருந்தபோது எழுதினார். தமிழில் பெயர்த்தவர் கண. முத்தையா. பர்மாவுக்குப் போனவர், நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்தில் இருந்தவர், போர் முடிந்ததும் ரங்கூன் சிறையில் அடைக்கப்பட்டவர். அந்தச் சிறையில் உட்கார்ந்துதான் மொழிபெயர்த்தார். ஊருக்குத் திரும்பித் தமிழ்ப் புத்தகாலயத்தைத் தொடங்கி 1949இல் வெளியிட்டார். பீகாரில் ஒரு கொட்டடியில் எழுதியது, பர்மாவில் இன்னொரு கொட்டடியில் தமிழாகிச் சென்னையில் அச்சேறி என் அடுப்பங்கரைக்கு வந்திருக்கிறது. ரூட் போடுவது என்று எக்ஸ்சேஞ்சில் சொல்வோம். நேர் லைன் இல்லாத ஊருக்கு மதுரை வழி, திருச்சி வழி என்று சுற்றிப் போட்டுக் கொடுப்போம். இவ்வளவு சுற்று ரூட்டை நான் போட்டதில்லை.

பர்மா என்றதும் இன்னொருவரைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை, பட்டியலில் அவர் இல்லை என்றாலும். வெ. சாமிநாத சர்மா. ரங்கூனில் 'ஜோதி' என்ற மாத இதழை நடத்திக்கொண்டிருந்தார். 1942இல் ஜப்பான்காரன் குண்டு போட்டபோது மனைவியோடு நடந்தே இந்தியாவுக்கு வந்தார். பிளேட்டோவையும் ரூசோவையும் என் தலைமுறைக்குத் தமிழில் கொடுத்தவர் அவர். தத்துவத்தைப் பல்கலைக்கழகத்தில் கற்றுக்கொடுத்துச் சம்பளம் வாங்கிய மனிதர் அல்லர், பத்திரிகைக்காரர்.

இரண்டாவது, 'கம்யூனிஸ்ட் கட்சி அறிக்கை'. நான் வாங்கியது மாஸ்கோ முன்னேற்றப் பதிப்பகத்தின் பிரதி. நியூ செஞ்சுரி புக் ஹவுஸ் வேன் வந்து நிற்கும்போது, ஒரு கிலோ கத்தரிக்காய் விலையில் கிடைத்தது. அதன் தாள் வாசனை இன்னும் மூக்கில் இருக்கிறது. எங்கள் வீட்டில் அதற்குச் சீமெண்ணெய் வாசம் என்று பெயர்.

தமிழில் இதுதான் முதல் வரவு என்று வெகுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன். ஐம்பது வருடங்களுக்கு முன்பே ஈரோட்டில் அச்சாகியிருக்கிறது என்று பிறகுதான் தெரிந்தது. 1931 அக்டோபரில் 'குடி அரசு' வார இதழில், 'சமதர்ம அறிக்கை' என்ற பெயரில் அதன் முதல் பகுதி தொடராக வந்தது. பொதுவுடைமை என்ற சொல் நிலைபெறும் முன்பு சமதர்மம்தான் புழங்கியது. முன்னுரை பெரியார் எழுதியது. மார்க்ஸும் ஏங்கெல்ஸும் சொன்னதைச் சொல்லிவிட்டு, இங்கே ஒரு முடிச்சு அதிகம் இருக்கிறது என்கிறார்: மேல்சாதி கீழ்சாதி என்ற ஏற்பாடு பணக்காரன் ஏழை என்ற ஏற்பாட்டுக்குக் கோட்டைச் சுவராக நின்று காக்கிறதாம். ஐரோப்பியப் புத்தகம் ஒன்றை அறிமுகப்படுத்தும் முதல் நாளிலேயே அதோடு சண்டைக்குப் போகும் இந்த முன்னுரை எனக்கு ரொம்பப் பிடிக்கும். இரண்டு மாதம் கழித்து டிசம்பரில் அவர் ஐரோப்பாவுக்குக் கப்பல் ஏறினார். அடுத்த வருடம் ரஷ்யாவையும் பார்த்து வந்தார்.

பிறகு நடந்ததில் ஒரு பெண்ணின் பெயர் வருகிறது. 1933 அக்டோபரில் அன்றைய ஆட்சி ஏன் ஒழிய வேண்டும் என்று 'குடி அரசு' ஒரு தலையங்கம் எழுதியது. அரசு வழக்குப் போட்டது. எழுதிய பெரியாரோடு, பத்திரிகையின் வெளியீட்டாளர் என்ற முறையில் அவர் தங்கை கண்ணம்மாளும் சிறைக்குப் போனார். பத்தாண்டுக்கு முந்திய ஈரோட்டுக் கள்ளுக்கடை மறியலில் நாகம்மையோடு முன்னால் நின்ற அதே கண்ணம்மாள். என் டிக்கெட்டில் இருந்த ஏழு புத்தகங்களில் பெண் எழுதியது ஒன்றுகூட இல்லை. அண்ணாச்சிக்கு அது தோன்றவே இல்லை. உண்மையைச் சொன்னால், எனக்கும் அப்போது தோன்றவில்லை. மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரின் 'தாசிகள் மோசவலை' 1936இலேயே வந்த நாவல் என்பது தெரிந்தபோது எனக்கு நாற்பது வயது தாண்டியிருந்தது.

சிறையைச் சொல்லும்போது பகத் சிங்கைத் தாண்ட முடியாது. 'நான் ஏன் நாத்திகன்?' லாகூர்ச் சிறையில் 1930இல் எழுதப்பட்டது. தூக்கிலிட்டு ஆறு மாதம் கழித்து 1931 செப்டம்பரில் லாகூர்ப் பத்திரிகை ஒன்றில் வெளிவந்தது. தமிழில் பெயர்த்தவர் ப. ஜீவானந்தம். வெளியிட்டவர் பெரியாரின் அண்ணன் ஈ.வெ. கிருஷ்ணசாமி. இரண்டு பேரையும் பிடித்துக்கொண்டு போனார்கள். எழுதியவருக்குச் சிறை, பெயர்த்தவருக்குச் சிறை, அச்சிட்டவருக்கும் சிறை. படித்தவரை மட்டும் விட்டுவிட்டார்கள்.

இன்னும் பின்னால் போனால் 1882. சென்னை இலௌகிக சங்கத்தார் 'தத்துவ விவேசினி' என்று ஒரு தமிழ் இதழ் நடத்தியிருக்கிறார்கள். கடவுள் உண்டா, சாதி எப்படி வந்தது, விதவைக்கு ஏன் மறுமணம் கூடாது என்று விக்டோரியா ராணி காலத்தில் மாம்பழ விலைக்கு அச்சடித்து விற்றிருக்கிறார்கள். 1888இல் நின்றுபோன அந்த இதழைப் பேராசிரியர் வீ. அரசு தொகுத்து 2012இல் புத்தகமாக்கினார். அண்ணாச்சிக்கு அது கிடைத்திருந்தால் டிக்கெட்டில் எட்டாவது பெயர் இருந்திருக்கும். அடுத்த பெரிய வரிசை 1907இல் அயோத்திதாசர் இராயப்பேட்டையிலிருந்து நடத்திய 'ஒரு பைசாத் தமிழன்'. அதுவும் தொண்ணூறுகள் முடியும்போதுதான், ஞான. அலாய்சியஸ் தொகுத்து இதே பாளையங்கோட்டையிலிருந்து வெளிவந்தது. எக்ஸ்சேஞ்சிலிருந்து நடந்து போகும் தூரத்தில். எங்கள் ஊரில் அச்சான ஒரு புத்தகத்தைப் பத்து வருடம் தாமதமாக மதுரையில் வாங்கினேன்.

மூன்றாவது ஏங்கெல்ஸ்: 'குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றம்'. ராகுலைப் படித்துவிட்டு வந்தவர்களுக்கு அது கஷ்டமே இல்லை. அண்ணாச்சியின் வரிசையில் அர்த்தம் இருந்தது.

நான்காவது 'ஜாதியை ஒழிக்க வழி'. இதற்கு எந்தச் சிறையும் இல்லை, ஆனால் ஒரு மூடிய கதவு இருக்கிறது. 1936இல் லாகூரில் ஜாத்-பாத் தோடக் மண்டல் என்ற சங்கம் தன் மாநாட்டுக்குத் தலைமையேற்க அம்பேத்கரை அழைத்தது. உரையை முன்கூட்டியே படித்துப் பார்த்தவர்கள் பயந்து, சில பகுதிகளை எடுக்கச் சொன்னார்கள். ஒரு காற்புள்ளியைக்கூட மாற்றமாட்டேன் என்று அவர் மறுக்க, மாநாடே ரத்தானது. பேசாத அந்தப் பேச்சை அவர் சொந்தச் செலவில் 1,500 பிரதி அச்சிட்டார். இரண்டே மாதத்தில் தீர்ந்தன. மறு வருடம் இரண்டாம் பதிப்பின் முன்னுரையில் ஒரு வரவு வைக்கிறார்: குஜராத்தியிலும் தமிழிலும் வந்துவிட்டது, மராத்தி, இந்தி, பஞ்சாபி, மலையாளத்தில் வந்துகொண்டிருக்கிறது. அவருடைய தாய்மொழிக்கு முன்னால் தமிழ். அந்த வேலையைச் செய்ததும் ஈரோட்டுக் 'குடி அரசு' அச்சகம்தான். பதினெட்டு வயதில் காந்தியின் சத்திய சோதனையை எனக்குப் பரிசளித்த பள்ளியில் இந்தப் பெயரை யாரும் சொன்னதில்லை.

ஐந்தாவது, க. கைலாசபதி எழுதிய 'பண்டைத் தமிழர் வாழ்வும் வழிபாடும்', 1966இல் வந்தது. சிறை, டுட்டோரியல், வார இதழ் என்று நான் சொல்லிவரும் வழிக்கு இது விதிவிலக்கு. இவர் வந்தது பல்கலைக்கழகத்தின் வழியாக, அதுவும் இங்கிலாந்தின் பர்மிங்ஹாம். அங்கே ஜார்ஜ் தாம்சன் என்ற கிரேக்கப் பேராசிரியர் இருந்தார். எஸ்கிலஸின் நாடகங்களை ஏதென்ஸ் நகரத்துச் சொத்துத் தகராறுகளோடு சேர்த்து வைத்துப் படித்த மார்க்சியர். கைலாசபதியும் பிறகு கா. சிவத்தம்பியும் அவரிடம்தான் முனைவர் பட்டத்துக்கு உழைத்தார்கள். கிரேக்கப் பாணர்களுக்குப் போட்ட அளவுகோலை எடுத்து வந்து புறநானூற்றுப் பாணர்களுக்கு இவர்கள் போட்டுப் பார்த்தார்கள். சில இடங்களில் அளவு பொருந்தாமல் இழுத்துக் கட்டியிருக்கிறது என்பது என் எண்ணம். ஆனால் பொற்காலம் பொற்காலம் என்று பள்ளிக்கூடத்தில் கேட்டே காது புளித்திருந்த எனக்கு, பாடிப் பிழைத்தவனின் பசியைப் பற்றி ஒருவர் பேசுவது புதிதாக இருந்தது.

ஆறாவது பெயரில் கொஞ்சம் நிற்க வேண்டும். எஸ்.வி. ராஜதுரையின் 'அந்நியமாதல்', க்ரியா வெளியீடு, 1979. டிக்கெட் எழுதப்படுவதற்கு ஒரு வருடம் முன்பு வந்த புத்தகம். எழுதியவர் கல்லூரி ஆசிரியர் அல்லர். அதே ராஜதுரை 1975இல் எழுதிய நூலுக்கு 'எக்ஸிஸ்டென்ஷியலிசம்' என்றே தலைப்பு வைத்தார். நான்கு வருடத்தில் தலைப்புக்கே ஒரு தமிழ்ச் சொல் கிடைத்துவிட்டது. அதன் பிறகு 1982இல் தமிழவன் 'ஸ்ட்ரக்சுரலிசம்' என்று மறுபடி ஆங்கிலத்துக்குப் போனார். அமைப்பியல் என்ற சொல் பிறகுதான் ஒட்டிக்கொண்டது. ஒரு சிந்தனை எப்போது நம் வீட்டுக்குள் வந்து செருப்பைக் கழற்றுகிறது என்று பார்க்க அட்டைகளைப் பார்த்தாலே போதும்.

மார்க்ஸ் இருபத்தாறு வயதில், 1844இல், பாரிஸில் எழுதிவைத்த குறிப்புகள்தாம் இந்தப் பேச்சின் ஊற்று. அச்சில் வந்ததே 1932இல்தான். தொழிலாளி தான் செய்த பொருளுக்கு அந்நியன். செய்யும் வேலைக்கு அந்நியன். சக மனிதனுக்கு அந்நியன். தன் மனிதத்தன்மைக்கே அந்நியன். தறியோ ஆலையோ பார்க்காத எனக்கு இது விளங்காது என்றுதான் பயந்தேன். ஆனால் ஏழு புத்தகத்திலும் எனக்கு நேராக வந்து தைத்தது இதுதான்.

ஒரு ஷிப்டில் நூற்றுக்கணக்கான கால் போடுவேன். 'நம்பர் ப்ளீஸ்' என்று சொல்லும் குரல் என்னுடையது என்று வீட்டில் யாரும் நம்பமாட்டார்கள். கார்டைச் செருகுவேன், அந்தப் பக்கம் மணி அடிக்கும், பேசுங்கள் என்பேன், விலகிவிடுவேன். லைன் சரியாக இருக்கிறதா என்று நடுவில் ஒருமுறை காது கொடுக்க வேண்டும். அந்த ஒரு விநாடியில் ஒரு பாதி வாக்கியம் கேட்கும். 'அப்பாவுக்கு மூச்சு…' என்றோ, 'நகைய மட்டும் கேக்காதீங்க…' என்றோ. மீதி என்ன ஆயிற்று என்று தெரியாது. மூன்று நிமிடம் ஆனதும் நுழைந்து, 'மூணு நிமிஷம் ஆச்சு, எக்ஸ்டெண்ட் பண்ணணுமா?' என்று கேட்பேன். அழுதுகொண்டிருப்பவரிடமும் அதே குரலில்தான் கேட்க வேண்டும். விதி அப்படி. டிக்கெட்டில் நேரத்தை எழுதி அடுத்த விளக்கு எரிவதைப் பார்ப்பேன். நூறு வீட்டுச் சாவும் கல்யாணமும் என் கை வழியாகப் போகும், ஒன்றும் என்னுடையதில்லை. வீட்டுக்குப் போனால் யாரோடும் பேசப் பிடிக்காது. தலைவலி என்று மாத்திரை போட்டுக்கொண்டிருந்தேன். அதற்கு ஒரு பெயர் இருக்கிறது என்று அந்தப் புத்தகம் சொன்னது. பெயர் தெரிந்ததால் தலைவலி போகவில்லை. சூப்பர்வைசர் மேல் இருந்த கோபம் மட்டும் கொஞ்சம் இடம் மாறியது.

இதைத் தொண்ணூறுகளில் ஒரு கூட்டத்தில் சொன்னேன். 'நிறப்பிரிகை' இதழ் படித்த பையன்கள் நிறைய இருந்தார்கள். சொல்லாடல், விளிம்புநிலை, கட்டுடைப்பு என்று சொற்கள் பறந்துகொண்டிருந்த காலம். 'அக்கா, நீங்க இன்னும் அந்நியமாதல்லயே நிக்கிறீங்க' என்றான் ஒருவன். சிரித்துவிட்டேன். ஆனால் அந்தப் பையன்கள்தான் கிராம்ஷியைப் படிக்கச் சொன்னார்கள். 1926இல் முசோலினி பிடித்துப் போட்ட மனிதர், 1929இலிருந்து சிறையில் பள்ளிக்கூட நோட்டுகளில் எழுதினார், முப்பத்துமூன்று நோட்டுகள். வீட்டுக்கு வந்து டிக்கெட்டை எடுத்து ஓரத்தில் அவர் பெயரை எழுதினேன். பென்சிலுக்கு நடுவே பேனா மையில் இருப்பது அது ஒன்றுதான்.

ஏழாவது வரி: 'மூலதனம் — தமிழில் கிடைக்கும்போது'. அப்போது கடையில் கிடைக்கவில்லை. அண்ணாச்சி ஆங்கிலத்தில் முயன்று நாற்பதாம் பக்கத்தில் நின்றவர்; என்னையும் அங்கே அனுப்ப விரும்பவில்லை. கிடைத்தது 1998இல். மொழிபெயர்த்தவர் தியாகு. நக்சல்பாரி இயக்கத்தில் சேர்ந்து மரண தண்டனை பெற்று, அது குறைக்கப்பட்டு, பல வருடம் தமிழ்நாட்டுச் சிறைகளில் கிடந்தவர். அங்கேதான் மொழிபெயர்த்தார். பட்டியலின் முதல் புத்தகம் போலவே கடைசிப் புத்தகமும்.

நியூ செஞ்சுரியில் முதல் பாகத்தை வாங்கிக்கொண்டு அண்ணாச்சி வீட்டுக்குப் போனேன். ரிட்டயர் ஆகி வருடங்கள் ஆகியிருந்தன. இரண்டு கண்ணிலும் புரை. அறுவைக்கு நாள் குறித்திருந்தார்கள். புத்தகத்தை வாங்கித் தடவிப் பார்த்தார், எடை பார்ப்பதுபோல் கையில் தூக்கிப் பார்த்தார்.

'நீயே வாசி தாயி' என்றார்.

முதல் அத்தியாயத்தின் தலைப்பைச் சொன்னேன். சரக்கு.

'என்னது?'

'சரக்கு, அண்ணாச்சி. கமாடிட்டிக்குச் சரக்குன்னு போட்டிருக்காரு.'

உள்ளேயிருந்து மதினி எட்டிப் பார்த்தார்கள். 'இந்த வயசுல என்ன சரக்கு வேண்டிக் கெடக்கு?'

அண்ணாச்சி சிரித்துச் சிரித்து இருமினார். தண்ணீர் கொடுத்தேன். குடித்துவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு, 'ம், மேல வாசி' என்றார். அன்றைக்கு ஐந்து பக்கம் போனோம்.